கிருத்திகையில் பூண்டு வாசனை

அத்தியாயம் பதினொன்று

கடைசி வாதத்தைக் கேட்டுவிட்டுக் கடலூர் செஷன்ஸ் ஜட்ஜ் அன்று பிற்பகல் தீர்ப்புச் சொல்லப்போகிறார். தீர்ப்பு இன்னதென்று மஞ்சக்குப்பத்து ஜட்கா வண்டிக்காரன் வரைக்கும் தெரிந்திருந்தது. சிதம்பரத்தில் நகை செய்கிற சபாநாயகம் பத்தரைப் பாஷாணம் கொடுத்துக் கொன்றதற்காக அவர் மனைவி சௌந்தரத்துக்குத் தூக்கு. தெரியாதது போல நடித்துக்கொண்டிருந்தவர்கள் மூன்றே பேர்தான். அவளுடைய வக்கீல் தில்லைநாதன், அவர் அமர்த்திய துப்பறியும் பஞ்சநாதம், பஞ்சநாதத்தின் உதவியாளும் மச்சானுமாகிய நான்.

என் பெயர் உத்திராபதி. பஸ் கண்டக்டராக இருந்தவன். யுத்தம் வந்து பெட்ரோலுக்கு ரேஷன் போட்டு, பாதி பஸ்கள் ஷெட்டில் தூங்க ஆரம்பித்தபோது அக்காள் புருஷனிடம் வந்து ஒட்டிக்கொண்டேன். சம்பளம் சாப்பாடு, போனஸ் வசவு.

காலை எட்டரை மணி. வக்கீலின் ஆபீஸ் அறையில் உட்கார்ந்து ஆறிப்போன காப்பியைப் பார்த்துக்கொண்டிருந்தோம். ஐப்பசி மழை ஜன்னலில் அடித்தது. பஞ்சநாதம் மாமா கேஸ் கட்டை நாற்பதாவது தடவையாகப் புரட்டினார். அதில் புதிதாக என்ன முளைக்கப்போகிறது?

ஆடிக் கிருத்திகையன்று காலை பத்தர் பட்டறையிலேயே சுருண்டு விழுந்தார். மூன்று நாள் ஓயாத வாந்தி, நாலாம் நாள் உயிர் போய்விட்டது. உடம்பில் ஆர்ஸெனிக் என்கிற பாஷாணம் இருந்ததாக மதராஸ் ரசாயனப் பரிசோதகரிடமிருந்து எழுதி வந்தது. சௌந்தரத்தின் சமையலறையில் எடுத்த பிடிதுணியிலும் வெள்ளைத் தூளாக அதே பாஷாணம். "பட்டறையில படிஞ்ச கரியத் தொடச்ச துணிங்க அது" என்றாள் அவள். கரி வெள்ளையாகவா இருக்கும் என்று சர்க்கார் வக்கீல் கேட்டார். கோர்ட்டே சிரித்தது. அதோடு அவள் வாயை மூடிக்கொண்டாள். அழவும் இல்லை. கல் நெஞ்சுக்காரி என்று பத்திரிகையில் போட்டார்கள்.

ஆனால் அவளைத் தொலைத்துக் கட்டியது பாஷாணம் அல்ல, பூண்டு. பக்கத்து வீட்டுத் தைலம்மாள் கூண்டில் ஏறி, "ஆடிக் கிருத்திகை அதுவுமா அந்த வீட்டுலேர்ந்து பூண்டு வாசனை கும்முன்னு வந்துதுங்க சாமி. நான் என் வீட்டு வாசலைத் தாண்டலை, ஆனா மூக்கு தாண்டிடுச்சே!" என்றாள். முருகனுக்கு விரத நாள். அந்தத் தெருவில் அன்று எந்த அடுப்பிலும் வெங்காயம், பூண்டு ஏறாது. விஷத்தை மறைக்கத்தான் பூண்டு வதக்கிப் போட்டிருக்கிறாள் என்றார் சர்க்கார் வக்கீல். ஜட்ஜுக்கு அபிப்பிராயம் சொல்ல உட்கார்ந்திருந்த நாலு அசெஸர்களும் முகத்தைச் சுளித்தார்கள். பாஷாணத்துக்குக்கூட அவர்கள் அப்படிச் சுளிக்கவில்லை.

இதையெல்லாம் புரட்டிக்கொண்டிருந்த நேரத்தில்தான் ஒரு ஆள் சொட்டச் சொட்ட நனைந்தபடி உள்ளே வந்தான். கைலியும் தொப்பியுமாக நல்ல ஆகிருதி. பரங்கிப்பேட்டை நெய்னா முகம்மது என்றும், கப்பலில் கரி தள்ளுகிறவன் என்றும் சொன்னான்.

"பத்தர் மவுத்தாயிட்டாராமே. நேத்துதான் ஊரு வந்தேன், கேள்விப்பட்டேன். அவுங்ககிட்ட நான் ஒரு கல்லு குடுத்து வச்சிருந்தேனுங்க."

"கல்லுக்காக வந்தியா, துக்கத்துக்கு வந்தியா?" என்றேன்.

"ரெண்டுக்குந்தான்" என்றான். ஒளிவு மறைவில்லாத மனுஷன்.

பஞ்சநாதம் கேஸ் கட்டை மூடினார். "என்ன கல்லு?"

"தென் அமெரிக்காவுல சில்லின்னு ஒரு தேசம் இருக்குதுங்க. கோகிம்போன்னு துறைமுகம். அங்க செம்புச் சுரங்கத்து ஆளுங்க குடுத்தது. எலுமிச்சம்பழம் அளவுதான், ஆனா தூக்குனா கை தாழும். ஒடச்சுப் பார்த்தா உள்ள புதுசா ஈயம் பூசுன பாத்திரமாட்டம் வெள்ளை வெளேர்னு மின்னுச்சு. வெள்ளிதான்னு பத்தர்கிட்ட குடுத்து உருக்கிப் பாருங்கன்னு சொன்னேன். வெள்ளியா இருந்தா ஆளுக்குப் பாதி. யாருகிட்டயும் மூச்சு விடக்கூடாது, சம்சாரத்துக்கிட்டகூட சொல்லக்கூடாதுன்னு பேச்சு."

சர்க்காரே ரூபாய் நாணயத்தில் வெள்ளியைக் குறைத்துவிட்ட காலம். எந்தப் பத்தர்தான் மாட்டேன் என்பார்?

"குடுத்த ஆளுங்க ஒண்ணும் சொல்லலையா?" என்றார் பஞ்சநாதம்.

நெய்னா முகம்மது தலையைக் குனிந்துகொண்டான். "அவுனுங்க பாஷை நமக்குப் புரியாது. நெருப்புல போடாதேன்னு சைகை காட்டுனானுங்க. மூக்கப் பொத்திக் காட்டுனானுங்க. தமாஷுன்னு நெனச்சு சிரிச்சுட்டு வந்துட்டேன்."

"இதைப் பத்தர்கிட்ட சொன்னியா?"

"சொல்லலீங்களே..." என்றான். அவன் முகத்தில் வழிந்தது எல்லாம் மழைத் தண்ணீர் இல்லை.

பஞ்சநாதம் எழுந்துவிட்டார். மூன்று மாதமாக இந்தக் கேஸோடு படுத்து, இந்தக் கேஸோடு எழுந்த மனுஷன். "பூண்டு மச்சான், பூண்டு! பொம்பளை பொய் சொல்லலை. ஒம்போதே காலுக்கு ரயில் இருக்குதா?"

"ஓடினா இருக்குது, நடந்தா இல்லை."

வக்கீல் பதறிப்போய், "அப்ப நான் என்ன பண்றது?" என்றார்.

"பேசிக்கிட்டே இருங்க. நாங்க வர்ற வரைக்கும் நிறுத்தாதீங்க. இவரையும் பக்கத்துல உக்கார வச்சுக்குங்க."

தில்லைநாதன் சுருக்கமாகப் பேசுவதற்குப் பேர்போனவர். முழு வாதத்தையும் பத்து நிமிஷத்தில் முடித்துவிட்டு வீட்டுக்குப் போய்த் தூங்குகிறவர். அவர் முகம் தூக்குத் தண்டனை தனக்கு விழுந்தது போல ஆகிவிட்டது.

ரயிலில் மூச்சு வாங்கி முடிந்ததும் பஞ்சநாதம் விளக்கினார். அவர் கோலார் தங்கவயலில் தாதுக்கல் சோதிக்கும் அறையில் எட்டு வருஷம் வேலை பார்த்தவர். அங்கே சம்பாதித்தது இந்த அறிவும் நெஞ்சு நிறைய இருமலும்தான்.

"செம்பும் பாஷாணமும் பூமிக்குள்ளயே சேர்ந்து எறுகிப் போன கல்லு அது. டோமிகைட்டுன்னு பேரு. பார்வைக்கு வெள்ளி, உள்ளுக்குள்ள வெள்ளி பொட்டு கிடையாது."

"அப்ப எதுக்குத்தான் ஆவும் மாமா?"

"செம்பு எடுக்கலாம். கொஞ்சம் பாஷாணம் தங்குன செம்பு வெறும் செம்பைவிடக் கெட்டி. அந்தக் காலத்துல கோடாலி, கத்தியெல்லாம் அதுல பண்ணாங்க. அமெரிக்காவுல இந்தக் கல்லையே அறுத்து, மெருகேத்தி, மேல வார்னிஷ் பூசி பதக்கமாப் போட்டுக்கிறாங்க."

"விஷத்தைக் கழுத்துலயா?"

"சும்மா இருக்கிற வரைக்கும் அது சாது. நெருப்பக் காட்டினாத்தான் ஆபத்து."

"அக்கா மாதிரின்னு சொல்லுங்க."

வேறு நாளாயிருந்தால் சிரித்திருப்பார். "நெருப்புல வச்சு ஊதினா பாஷாணம் பிரிஞ்சு பொகையாக் கௌம்பும். அந்தப் பொகைக்கு அப்படியே பூண்டு வாசனை. ஆறினா கரி மாதிரி படியும், ஆனா வெள்ளையாப் படியும். வெள்ளி ரகசியம் வெளியில போயிடக் கூடாதேன்னு அந்த மனுஷன் ஜன்னலைச் சாத்திக்கிட்டு நாள்கணக்குல ஊதியிருக்கான். பொகையத் தின்னு செத்திருக்கான்."

பத்தர் பொண்டாட்டி ஒரு வார்த்தைகூடப் பொய் சொல்லவில்லை. எல்லாரும் சேர்ந்து சிரித்தோம். நானும்தான் சிரித்தேன்.

"இதை ஜட்ஜுகிட்ட சொல்லிட்டாப் போதாதா?"

"கதைம்பாரு. கல்லு வேணும் மச்சான். கையில கல்லு வேணும்."

சிதம்பரத்தில் இறங்கி வண்டி பிடித்துப் பத்தர் வீட்டுக்குப் போனபோது மணி பதினொன்று. கதவு திறந்திருந்தது. உள்ளே நுழைந்ததும் பஞ்சநாதம் அப்படியே நின்றுவிட்டார். புது வாடகைக்கு விடுவதற்காக வீட்டுக்காரர் தரையிலிருந்து ஓட்டுக்கூரை வரை சுண்ணாம்பு அடித்து வைத்திருந்தார். எந்த வெள்ளைப் படிவைத் தேடி வந்தோமோ, அதன்மேல் அதைவிட வெள்ளையாக இரண்டு கோட்டு. இரண்டு நாளைக்கு முன்னால்தான் முடிந்ததாம்.

கொல்லை, கிணற்றடி, குப்பைமேடு, ஒன்றையும் விடவில்லை. மழையில் முழங்காலளவு சேற்றில் இறங்கிக் கையால் துழாவினேன். மின்னுகிற வெள்ளைக் கல் எங்கேயும் இல்லை. பட்டறைச் சாமான்களைப் போலீஸ் எழுதி எடுத்துப் போனது. அந்த ஜாபிதாவில் கல் என்று எதுவுமே கிடையாது. போலீஸ் வருவதற்கு முன்பே யாரோ எடுத்திருக்க வேண்டும். பகல் பன்னிரண்டாகப் போகிறது. அங்கே தில்லைநாதன் எத்தனை நேரம் இழுப்பார்? நான் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

"எந்திரி" என்றார் பஞ்சநாதம். "பக்கத்து வீட்டுக்குப் போவலாம்."

"அந்தம்மாதான் வாசலையே தாண்டலைன்னு சத்தியம் பண்ணிச்சே."

"அதான் எனக்கு ஒதைக்குது. பக்கத்து வீட்டுல ஆம்பளை சுருண்டு விழுந்து கெடக்குறான். பொண்டாட்டி வைத்தியரைக் கூப்பிட ஓடுறா. எந்தப் பொம்பளை வாசலைத் தாண்டாம நிப்பா?"

தைலம்மாள் கொல்லையில் சார்ப்புக்குக் கீழே பித்தளைப் பாத்திரங்களுக்குப் புளி போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நெற்றி நிறைய விபூதி. ஐம்பது வயது இருக்கும். விரல்களிலெல்லாம் புண். நான் ஓரமாகப் படிக்கட்டில் உட்கார்ந்தேன்.

"சாட்சிதான் சொல்லிட்டேனே, இன்னும் இன்னா?" என்றாள்.

பஞ்சநாதம் ரொம்ப மரியாதையாகக் கையைக் கட்டிக்கொண்டார். "ஒண்ணுமில்லைம்மா. ஜட்ஜுக்கு ஒரு சந்தேகம். ரெண்டு வீட்டுக்கும் நடுவுல ஒரே சுவரு. பூண்டு வாசனை உங்க அடுப்புலேர்ந்துதான் வந்திருக்கும்னு நெனைக்கிறாரு."

கையிலிருந்த சொம்பு தரையில் விழுந்து உருண்டது. "என் அடுப்புலயா? கிருத்திகையிலயா? முப்பது வருஷமா விரதம் இருக்குறவ நான்! எந்தப் பாவி சொன்னான்? பூண்டு நாறினது அவன் பட்டறையிலதான்! அடுப்பாங்கரையில ஒரு பொட்டு வாசனை கிடையாது. கதவைத் தொறந்ததும் பட்டறையிலதான் குப்புன்னு மூஞ்சியில அடிச்சுது. நான் நின்னு மோந்தேனே!"

சொல்லி முடித்த பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவளுக்குத் தெரிந்தது.

"உள்ள போனீங்க" என்றார் பஞ்சநாதம் மெதுவாக. "பத்தர் மயங்கிக் கெடந்தாரு. மேடையில வெள்ளையா ஒரு கல்லு மின்னிச்சு."

அவள் முந்தானையை வாயில் திணித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். அப்புறம் தானாகவே வந்தது. வெள்ளிக்கட்டி என்று நினைத்து இடுப்பில் செருகினாளாம். மகளுக்குக் கொலுசு பண்ணலாம் என்ற ஆசை. பத்து நாளில் அது மங்கி மஞ்சளாகி, பழுப்பேறிப் போயிற்றாம். புளி போட்டுத் தேய்த்தால் ரெண்டு நாள் வெளுக்கும், மறுபடியும் கறுக்கும். முருகன்தான் தண்டிக்கிறான், தூக்கிப் போட்டால் இன்னும் கோபித்துக்கொள்வான் என்று பயந்து, வெள்ளிக்கிழமைதோறும் தேய்த்துக்கொண்டே இருந்தாளாம்.

"இப்ப அது எங்கம்மா?"

"அந்தத் தம்பி காலடியிலதான் கெடக்குது."

துள்ளி எழுந்தேன். கால்மணி நேரமாக என் குதிகாலை வைத்திருந்தது ஒரு பழுப்புக் கல்லின்மேல். வெள்ளையாக மின்னுகிற கல்லைத்தானே தேடினோம்? பஞ்சநாதம் அதைத் துணியால் எடுத்துப் பேனாக்கத்தியால் சுரண்டினார். பழுப்புத் தோலுக்கு அடியில் பளீரென்று வெள்ளை தெரிந்தது.

"இனிமே இதைத் தொடாதீங்க. கையை நல்லாக் கழுவாம சோத்துல கை வைக்காதீங்க. இப்ப எங்ககூடக் கோர்ட்டுக்கு வரணும்."

"நான் வரமாட்டேன்! பொய்ச் சாட்சி, திருட்டு, ரெண்டுக்கும் ஜெயில்ல போடுவாங்க!"

"போடலாம். இல்லைன்னு நான் பொய் சொல்லமாட்டேன். ஆனா நீங்க வரலைன்னா இந்தக் கல்லு எங்கேர்ந்து வந்துதுன்னு எவனும் நம்பமாட்டான். அவ தூக்குல தொங்குவா."

அவள் அசையவில்லை. தலையை மட்டும் இல்லை இல்லை என்று ஆட்டினாள். எனக்கு ஆத்திரம் பொங்கிவிட்டது. பெரியவள் என்றும் பார்க்காமல் கத்தினேன்.

"சரி, தூக்கை விடும்மா! கிருத்திகையில பூண்டு தின்னவளாம்னு ஊரே அவ மூஞ்சியில காறித் துப்புது. செத்தாலும் அந்தப் பேரு போவாது. அது பொய்யின்னு தெரிஞ்ச ஒரே ஆளு நீதான். முப்பது வருஷம் விரதம் இருந்தவ, இந்தப் பழியை எந்தச் சாமிகிட்ட கொண்டுபோயி எறக்குவே?"

தைலம்மாள் என்னை வெறித்துப் பார்த்தாள். பிறகு எழுந்து கைகால் கழுவி, வேறு புடவை சுற்றிக்கொண்டு வந்து வாசலில் நின்றாள். தூக்குக் கயிற்றுக்கு அசையாத மனசு பூண்டுக்கு அசைந்தது. மனுஷ ஜாதியை நினைத்தால் எனக்கு அடிக்கடி தலை சுற்றும்.

ரயில் கிடையாது. கிடைத்தது பெட்ரோலுக்குப் பதில் கரியை எரித்து ஓடுகிற ஒரு கரிவாயு பஸ். மழையில் கரி நனைந்து, புவனகிரி தாண்டியதும் மூச்சடைத்து நின்றது. எனக்குத் தெரிந்த தொழில். இறங்கி, பின்னால் இருந்த ஊதுவிசிறியை நெருப்பு பிடிக்கிற வரைக்கும் சுற்றினேன். மறுபடியும் நின்றது, மறுபடியும் சுற்றினேன். கை கொப்புளித்து, கொப்புளம் உடைந்தது. பஞ்சநாதம் கடிகாரத்தைப் பார்க்கவே இல்லை. கல்லை மடியில் வைத்துக்கொண்டு கண்ணை மூடியிருந்தார். உதடு மட்டும் அசைந்தது. இந்த மனுஷன் சாமி கும்பிட்டு நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

கோர்ட்டுக்குள் நாங்கள் நுழைந்தபோது மணி நாலே கால். தில்லைநாதன் தொண்டை கட்டி, கம்மிய குரலில் இன்னும் பேசிக்கொண்டிருந்தார். சுமேரியர்கள் காலத்துச் சட்டத்துக்கு வந்திருந்தார். ஜட்ஜ் கன்னத்தில் கைவைத்திருந்தார். எங்களைப் பார்த்ததும் வக்கீல் பாதி வாக்கியத்தில் பெஞ்சில் சரிந்தார்.

சர்க்கார் வக்கீல் குதித்தார். ஜட்ஜ் கையமர்த்தினார். ஒரு உயிர் விஷயம், கேட்பதில் நஷ்டமில்லை என்றார். நெய்னா முகம்மது கல் கொடுத்த கதையைச் சொன்னான். தைலம்மாள் கூண்டில் ஏறி, அழுதுகொண்டே எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டாள். பஞ்சநாதம் ரயிலில் எனக்குச் சொன்னதைச் சபைக்குச் சொன்னார். நெருப்பில் வைத்தால் இந்தக் கல்லின் புகையே பாஷாணம், அதற்குப் பூண்டு வாசனை, படிவது வெள்ளைக் கரி என்று முடித்தார்.

"பேச்சு நன்றாக இருக்கிறது" என்றார் சர்க்கார் வக்கீல். "வாசனை எங்கே?"

கைப்பற்றிய பட்டறைச் சாமான்கள் மேஜைமேல் இருந்தன. ஜட்ஜ் அனுமதி கொடுத்தார். பத்தரின் குமுட்டி அடுப்பில் கரியைப் போட்டு நெருப்பு மூட்டினோம். கல்லில் ஒரு துண்டை உடைத்து வைத்தோம். பஞ்சநாதம் பத்தரின் ஊதுகுழலை எடுத்தார், இருமல் பிடித்துக்கொண்டது. ஒரு ஊது ஊத முடியவில்லை. குழலை என்னிடம் நீட்டினார். எனக்குப் பயமாகத்தான் இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் தூக்குமேடையைவிடக் குமுட்டி தேவலை.

குனிந்து, குழலை வாயில் வைத்து ஊதினேன். கரி சிவந்தது. துண்டு சிவந்தது. ஒன்றும் வரவில்லை. யாரோ சிரிப்பது கேட்டது. கண்ணை மூடிக்கொண்டு நெஞ்சிலிருந்த காற்றையெல்லாம் சேர்த்து ஊதினேன்.

முதலில் முன்பெஞ்சில் ஒருவர் மூக்கை உறிஞ்சினார். "பூண்டு" என்றார் ஒரு அசெஸர். "ஆமா, பூண்டுதான்!" என்று பின்னாலிருந்து நாலைந்து குரல். குமுட்டி விளிம்பில் மாவு தூவியது போல வெள்ளையாகப் படிய ஆரம்பித்தது. போதுமா என்று கேட்க நிமிரக்கூட எனக்குத் தோன்றவில்லை. இன்னும் குனிந்து ஊதினேன்.

"ஊதாதீங்க!"

கோர்ட் சிரித்த நாளிலிருந்து வாய் திறக்காத குரல் அது. கூண்டுக் கம்பியைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தாள் சௌந்தரம். "தம்பி, ஊதாதீங்க! அதை மோந்துடாதீங்க! தூர வந்துடுங்க தம்பி! ஐயா, அவரை நிறுத்தச் சொல்லுங்க, அந்தப் புள்ள செத்துடும்! என்னைத் தூக்குல வேணா போடுங்க, அவரை நிறுத்தச் சொல்லுங்க!"

போலீஸ்காரர்கள் அவளைப் பிடிக்க மறந்து நின்றார்கள். ஜட்ஜ் பேனாவைக் கீழே வைத்தார். "நெருப்பை அணையுங்கள். ஜன்னல்களைத் திறங்கள்" என்றார். அசெஸர்கள் நாலு பேரும் ஒருவர் பின் ஒருவராக, குற்றவாளி அல்ல என்றார்கள். ஐந்தடிக்க ஐந்து நிமிஷம் இருக்கையில் அவளை விடுதலை செய்தார் ஜட்ஜ்.

அதையெல்லாம் நான் அப்புறம் கேட்டுத்தான் தெரிந்துகொண்டேன். அப்போது நான் கோர்ட்டுக் குழாயடியில் குமட்டிக்கொண்டிருந்தேன். மழை விட்டிருந்தது. யாரோ வேகமாக ஓடி வருகிற சத்தம் கேட்டுத் திரும்பினேன். சௌந்தரம்! யாரிடமிருந்தோ பிடுங்கிய ஒரு செம்பு கையில் இருந்தது. குழாயில் பிடித்து என் கையில் ஊற்றினாள்.

"வாயைக் கொப்புளிங்க தம்பி. மூக்கையும் கழுவுங்க. முழுங்கிடாதீங்க, துப்புங்க."

கொப்புளித்துத் துப்பினேன்.

"இன்னொரு வாட்டி."

துப்பினேன்.

"இன்னொரு வாட்டி தம்பி. அவருக்கு இப்படிச் செய்யணும்னு எனக்குத் தெரியாமப் போச்சே."

தண்ணீர் என் சட்டையெல்லாம் கொட்டியது. அவள் கண்ணீர் நிற்காமல் ஓடிக்கொண்டிருந்தது. அவள் போதும் என்று சொல்லவே இல்லை. அவள் ஊற்றிக்கொண்டே இருந்தாள், நான் கொப்புளித்துக்கொண்டே இருந்தேன்.